அட்டிலா இறந்து 23 ஆண்டுகள் கழித்து விழுந்த பேரரசுக்கு ஹூணர்கள் எப்படிப் பொறுப்பு?

நண்பரின் கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். ஹூணர்கள்தான் ரோமை அழித்தார்கள் என்று பள்ளியில் படித்திருக்கிறார். பிறகு தேடிப் பார்த்தபோது, ஹூணர் மன்னர் அட்டிலா ரோம் நகருக்குள் கால் வைக்கவே இல்லை என்பதும், 453இல் அவர் இறந்த கொஞ்ச நாளிலேயே அவருடைய அரசு சிதறிப்போனது என்பதும், மேற்கு ரோமானியப் பேரரசின் கடைசி மன்னர் நீக்கப்பட்டது 476இல் என்பதும் தெரிந்திருக்கிறது. அப்படியானால் பழி ஏன் இவர்கள் மேல் விழுந்தது என்று கேட்கிறார். கூடவே, குப்தப் பேரரசர் ஸ்கந்தகுப்தர் விரட்டிய ஹூணர்களும் இவர்களும் ஒரே கூட்டமா என்றும் கேட்டிருக்கிறார். முதல் கேள்விக்குள் இன்னொன்று ஒளிந்திருக்கிறது. தன் கையால் இடிக்காத ஒரு கட்டடம் விழுந்ததற்கு ஒருவரை எந்த அளவுக்குப் பொறுப்பாக்கலாம் என்பதுதான் அது. அதற்குத்தான் பதில் சொல்லப் பார்க்கிறேன்.

கல்லூரியில் பல ஆண்டுகள் பண்டைய ஐரோப்பிய வரலாறு நடத்தியவன் நான். லத்தீன், கிரேக்க மூலங்களை மொழிபெயர்ப்பில் படித்தவன்தான். ஆகவே மூலத்தின் வாசகத்தையே வைத்து அறிஞர்கள் சண்டை போடும் இடங்களில் நான் தீர்ப்பு சொல்லப் போவதில்லை. ஆனால் இந்தக் காலகட்டத்தில் அடிப்படை நிகழ்வுகள் பெரும்பாலும் தெளிவாகவே இருக்கின்றன. காரணங்களைப் பற்றித்தான் சண்டை. என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஹூணர்கள் ரோமைக் கொன்றார்கள் என்பது தவறு. அவர்களுக்கும் ரோமின் சாவுக்கும் சம்பந்தமில்லை என்பது அதைவிடப் பெரிய தவறு. அவர்கள் மற்ற கூட்டங்களை எல்லைக்குள் தள்ளினார்கள். பல பத்தாண்டுகள் ரோமுக்கே கூலிப்படையாக நின்றார்கள். பேரரசு தன்னைக் காப்பாற்றிக்கொள்ள இருந்த ஒரே நல்ல வாய்ப்பை 441இல் கெடுத்தார்கள். இந்த மூன்றில் கடைசிதான் மிகக் கனமானது என்பது என் எண்ணம். பாடப்புத்தகங்களில் அதுதான் வருவதே இல்லை.

ஹூணர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்பதை இங்கே நீட்டப் போவதில்லை. சீன வரலாற்றில் வரும் சியோங்னு மக்களின் வழிவந்தவர்கள் என்ற கருத்து 18ஆம் நூற்றாண்டிலிருந்தே இருக்கிறது. 311இல் சீனத் தலைநகர் லுவோயாங் சூறையாடப்பட்டதைப் பற்றி நடு ஆசியாவின் சோக்டிய வணிகர் ஒருவர் எழுதிய கடிதத்தில் அந்தப் படையை ‘ஹூண்’ என்ற பெயரோடு பொருந்தும் சொல்லால்தான் குறிக்கிறார். ஆகவே பெயரில் தொடர்பு உண்டு. ஐரோப்பிய ஹூணர் காலக் கல்லறைகளில் கிடைத்த எலும்புகளை வைத்துச் செய்த மரபணு ஆய்வுகள், சிலரிடம் மட்டும் மங்கோலியப் புல்வெளி வரை போகும் மரபுத் தொடர்பைக் காட்டுகின்றன. பெரும்பாலானவர்கள் கலப்பு மக்கள். மொத்தக் கூட்டமே கிழக்கிலிருந்து நடந்து வந்தது என்று சொல்ல முடியாது. ஒரு சிறு தலைமைக் குழுவும் ஒரு பெருமைக்குரிய பெயரும் வழியெல்லாம் ஆட்களைச் சேர்த்துக்கொண்டு வந்திருக்க வேண்டும். நமக்கு நீளமான வருணனை தரும் அம்மியானஸ் என்ற ரோமானிய எழுத்தாளர், அவர்கள் பச்சை இறைச்சியைத் தொடைக்கும் குதிரை முதுகுக்கும் நடுவே வைத்துச் சூடாக்கித் தின்பார்கள் என்று எழுதுகிறார். இதை அப்படியே நம்ப வேண்டாம். நாடோடிகளைப் பற்றிக் கிரேக்கர்கள் நூற்றாண்டுகளாகச் சொல்லிவந்த கதைகளின் சாயல் அதில் நிறைய இருக்கிறது.

உறுதியாகத் தெரிந்தது 376இலிருந்து. அதற்குச் சில ஆண்டுகள் முன்பு ஹூணர்கள் டான் ஆற்றுப் பக்கத்தில் அலன்கள் என்ற மக்களை அடக்கி, பிறகு கருங்கடலுக்கு வடக்கே இருந்த கோத்துகள் மேல் பாய்ந்தார்கள். எர்மானரிக் என்ற கோத்திய மன்னர் தற்கொலை செய்துகொண்டார் என்கிறார் அம்மியானஸ். 376இல் டான்யூப் ஆற்றின் வடகரையில் பல்லாயிரக்கணக்கான கோத்துகள் குடும்பம் குட்டிகளோடு வந்து நின்று, எங்களை உள்ளே விடுங்கள் என்று பேரரசர் வேலன்ஸிடம் கெஞ்சினார்கள். படையெடுத்து வந்தவர்கள் அல்லர், அடைக்கலம் கேட்டு வந்தவர்கள். வேலன்ஸ் ஒரு பகுதியினரை அனுமதித்தார். படைக்கு ஆள் கிடைக்கும் என்ற கணக்கு அவருக்கு.

அப்புறம் நடந்ததை நான் வகுப்பில் எப்போதும் நிறுத்தி நிதானமாகச் சொல்வேன், ஏனென்றால் பேரரசின் சீர்கேடு வேறெங்கும் இவ்வளவு அப்பட்டமாகத் தெரியாது. லுப்பிசினஸ், மாக்சிமஸ் என்ற இரண்டு அதிகாரிகளிடம் அகதிகளுக்கு உணவு கொடுக்கும் பொறுப்பு இருந்தது. அவர்கள் உணவைப் பதுக்கினார்கள். பசியில் கிடந்தவர்களிடம் நாய்களைப் பிடித்து வந்து இறைச்சிக்கு விற்றார்கள். விலை, ஒரு நாய்க்கு ஓர் அடிமை. கோத்துகள் தங்கள் பிள்ளைகளைக் கொடுத்து நாய்க்கறி வாங்கினார்கள். தலைவர்களின் பிள்ளைகள்கூட இப்படிப் போனார்கள். இதை எழுதியவர் கோத்துகளின் நண்பர் அல்லர், ரோமானியப் படையில் பணியாற்றிய அதே அம்மியானஸ்தான். கலகம் வெடித்தது. 378 ஆகஸ்ட் 9ஆம் தேதி ஏட்ரியானோபிள் நகருக்கு வெளியே வேலன்ஸ் தன் படையில் மூன்றில் இரண்டு பங்கோடு செத்தார். அவருடைய உடல்கூடக் கிடைக்கவில்லை. அந்த நாளுக்கு ஹூணர்கள் எவ்வளவு பொறுப்பு, அந்த இரண்டு அதிகாரிகள் எவ்வளவு பொறுப்பு என்று நீங்களே யோசித்துப் பாருங்கள். தள்ளிவிட்டது ஹூணர்கள், தள்ளப்பட்டவர்களை எதிரிகளாக்கியது ரோம்.

382இல் புதிய பேரரசர் தியோடோசியஸ் கோத்துகளோடு சமாதானம் செய்துகொண்டு, அவர்களைப் பேரரசுக்குள்ளேயே கூட்டமாகக் குடியமர்த்தினார். அதுவரை வெளியிலிருந்து வந்தவர்களைப் பிரித்து, சிதறடித்து, நாளடைவில் ரோமானியர்களாக்கிவிடுவதுதான் வழக்கம். இந்த முறை ஆயுதத்தோடும் தங்கள் தலைவர்களோடும் ஒரே கூட்டமாக உள்ளே இருந்தார்கள். இது பழகிப்போனது. பின்னால் வாண்டல்கள், பர்கண்டியர்கள் என்ற கூட்டங்களும் இதே மாதிரிதான் உட்கார்ந்தார்கள்.

அடுத்த பெரிய அலை 405–406. ராதகாய்சஸ் என்ற கோத்தியத் தலைவர் பெருங்கூட்டத்தோடு இத்தாலிக்குள் புகுந்தார். 406 டிசம்பர் 31 அன்று வாண்டல்களும் அலன்களும் சுவெவிகளும் ரைன் ஆற்றைக் கடந்து இன்றைய பிரான்ஸுக்குள் கொட்டினார்கள். அது அதற்கு முந்தைய ஆண்டின் கடைசி நாள் என்று வாதிடுபவர்களும் உண்டு. ஆறு உறைந்துபோயிருந்தது, அதனால் நடந்தே கடந்தார்கள் என்று எல்லாரும் எழுதுவார்கள். அந்தக் காலச் சான்று எதிலும் அது இல்லை. பல நூற்றாண்டு கழித்து வந்த ஊகம். சரி, இவர்களையும் ஹூணர்கள்தான் தள்ளினார்களா? இங்கேதான் அறிஞர்கள் இரண்டாகப் பிரிகிறார்கள். ஒரு தரப்பு, இந்த ஆண்டுகளில்தான் ஹூணர்களின் மையம் கருங்கடல் பக்கமிருந்து இன்றைய ஹங்கேரிச் சமவெளிக்கு நகர்ந்தது, அங்கே இருந்தவர்கள் வெளியேறினார்கள், நேரம் சரியாகப் பொருந்துகிறது என்கிறது. மறு தரப்பு, ரைன் எல்லைப் படைகளை இத்தாலிப் பாதுகாப்புக்காக இழுத்துக்கொண்டதால் கதவு திறந்து கிடந்தது, உள்ளே வர யாரும் தள்ள வேண்டியதில்லை என்கிறது. 376க்கு நேரடிச் சாட்சியம் இருக்கிறது. 406க்கு அப்படி எதுவும் இல்லை, பொருந்தி வரும் சூழ்நிலை மட்டும்தான் இருக்கிறது. முதல் தரப்பு சொல்வது நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று நினைக்கிறேன். நடந்தது என்று எழுதிக் கையெழுத்துப் போட மாட்டேன்.

இதே நேரத்தில் நடந்த இன்னொன்றைக் கவனியுங்கள். ராதகாய்சஸை 406இல் பிளாரன்ஸ் அருகே மடக்கி ஒழித்த மேற்கு ரோமானியத் தளபதி ஸ்டிலிகோவின் படையில், உல்தின் என்ற தலைவரின் கீழ் ஹூணர்கள் இருந்தார்கள். அதாவது ஹூணர்களுக்குப் பயந்து வந்தவர்களாக இருக்கக்கூடிய ஒரு கூட்டத்தை, ஹூணர்களை வைத்தே ரோம் அடித்தது. அடுத்த முப்பது ஆண்டுகளின் சூத்திரமே இதுதான்.

ரோம் நகரம் 410 ஆகஸ்ட் 24இல் சூறையாடப்பட்டதில் ஹூணர்களுக்கு நேரடிப் பங்கு இல்லை. அதைச் செய்தவர் கோத்தியத் தலைவர் அலாரிக், அவருடைய ஆட்கள் பேரரசுக்குள்ளேயே ஒரு தலைமுறையாக வாழ்ந்துவந்த கோத்துகள். அதற்கு இரண்டு ஆண்டு முன்னால், ஸ்டிலிகோவை அவருடைய பேரரசரே கொன்றார். இத்தாலி நகரங்களில் இருந்த அயல்குடிப் படைவீரர்களின் மனைவி மக்களை ரோமானியர்கள் வெட்டினார்கள். அந்த வீரர்கள் அத்தனை பேரும் அலாரிக் பக்கம் போனார்கள். அந்த 408ஆம் ஆண்டிலேயே அலாரிக் ரோமை முற்றுகையிட்டார்; அதை விலக்கிக்கொள்ள அவர் கேட்டு வாங்கிய பட்டியல் கிடைத்திருக்கிறது: 5,000 பவுண்டு தங்கம், 30,000 பவுண்டு வெள்ளி, 4,000 பட்டு அங்கிகள், 3,000 செந்நிறத் தோல்கள், 3,000 பவுண்டு மிளகு. அந்த மிளகு நம் மேற்குக் கடற்கரையிலிருந்து போன சரக்கு. சங்கப் பாடல்களில் யவனர் மரக்கலங்கள் பொன்னோடு வந்து கறியோடு, அதாவது மிளகோடு, மீண்ட அந்த வணிகம், மெலிந்துபோயிருந்தாலும், முற்றாக அறுந்துவிடவில்லை என்பதற்கு இந்த ஒரு வரி போதும்.

இனி ஏட்டியஸ். மேற்குப் பேரரசின் கடைசிப் பெரிய தளபதி. இளம் வயதில் ஹூணர்களிடம் பணயமாக வாழ்ந்தவர். அவர்களுடைய தலைவர்களோடு நல்ல பழக்கம். 425இல் ஓர் அரியணைச் சண்டைக்கு ஹூணப் படையைக் கூட்டி வந்தார். 430களின் தொடக்கத்தில் பதவி பறிபோனபோது ஹூணர்களிடம் ஓடி, அவர்களுடைய பலத்தோடு திரும்பி வந்து பதவியை மீட்டார். 436–437இல் ரைன் கரையில் இருந்த பர்கண்டியர் அரசை ஹூணர்களே நசுக்கினார்கள். ஜெர்மானியக் காவிய மரபில் அந்த அழிவின் நினைவு நூற்றாண்டுகள் தாண்டி வாழ்ந்தது. கோல் நாட்டில், அதாவது இன்றைய பிரான்ஸில், கோத்துகள், பர்கண்டியர்கள், கலகக் குடியானவர்கள் என்று எல்லாரையும் ஓரளவு அடக்கி வைத்திருந்தது ஹூணர் குதிரைப்படைதான். ஆக 430கள் முழுவதும் ஹூணர்கள் மேற்கு ரோமைத் தாங்கிப் பிடித்த தூண்களில் ஒருவர். ‘ஹூணர்கள் அழித்தார்கள்’ என்று ஒற்றை வரியில் படித்த ஒருவருக்கு இது எவ்வளவு விசித்திரமாக இருக்கும்!

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். மேற்கு ரோமானியப் பேரரசு எதனால் உயிரோடு இருந்தது? வரியால். வரி இருந்தால் சம்பளம், சம்பளம் இருந்தால் படை, படை இருந்தால்தான் வரி வசூல். இந்த வட்டத்தில் மிகச் செழிப்பான கண்ணி வட ஆப்பிரிக்கா, இன்றைய துனீசியாவும் அதை ஒட்டிய அல்ஜீரியப் பகுதியும். ரோம் நகரத்தின் சோறு அங்கேயிருந்து வந்தது. எல்லையிலிருந்து வெகு தூரம், போரின் சூடு படாத மண், எண்ணெயும் தானியமும் கொழித்த நாடு. வாண்டல் மன்னர் கெய்செரிக் 429இல் ஸ்பெயினிலிருந்து கடல் கடந்து அங்கே போனார். கூட்டம் 80,000 பேர் என்று ஒரு ஆப்பிரிக்க ஆயர் எழுதுகிறார். பெண்கள், குழந்தைகள், முதியவர்கள், அடிமைகள் எல்லாரும் அதில் அடக்கம். பத்தாண்டு கழித்து, 439 அக்டோபர் 19 அன்று, சமாதான ஒப்பந்தம் ஒன்று நடப்பில் இருக்கும்போதே கார்த்தேஜ் நகரைப் பிடித்துவிட்டார். அங்கே இருந்த துறைமுகமும் கப்பல்களும் அவர் கைக்குப் போயின. நூற்றாண்டுகளாகச் சொந்தக் குளம்போல் ரோமானியர்கள் புழங்கிய மத்தியதரைக் கடலில் இனி யாரும் நிம்மதியாகத் தூங்க முடியாது.

கிழக்குப் பேரரசின் தலைநகர் கான்ஸ்டான்டிநோபிளும் மேற்கின் தலைநகர் ரவென்னாவும் இதன் ஆபத்தை உடனே புரிந்துகொண்டன. அபூர்வமாக இரண்டு அரசுகளும் ஒன்று சேர்ந்தன. கிழக்குப் பேரரசர் இரண்டாம் தியோடோசியஸ் ஒரு பெரிய கப்பற்படையை அனுப்பினார். 441இல் அது சிசிலியில் வந்து நின்றது. அங்கேயிருந்து கார்த்தேஜ் ஒரு எட்டு. அந்தப் படையில் டான்யூப் எல்லையிலிருந்து எடுக்கப்பட்ட வீரர்கள் நிறையப் பேர். எல்லை மெலிந்திருப்பதை அட்டிலாவும் அவருடைய அண்ணன் பிளேடாவும் பார்த்துவிட்டார்கள். விமினாசியம், சிங்கிடுனம் என்ற இன்றைய பெல்கிரேடு, சிர்மியம் என்று வரிசையாக எல்லை நகரங்கள் விழுந்தன. பாரசீகர்களும் அதே நேரத்தில் கிழக்கே தொல்லை கொடுத்தார்கள். கப்பற்படை கார்த்தேஜைப் பார்க்காமலேயே திருப்பி அழைக்கப்பட்டது. 442இல் ரோம் கெய்செரிக்கோடு ஒப்பந்தம் செய்து, ஆப்பிரிக்காவின் சிறந்த மாகாணங்களை அவருக்கே எழுதிக்கொடுத்தது.

இதன் விளைவு சட்டப் புத்தகத்திலேயே இருக்கிறது, அதனால்தான் இதை உறுதியாகச் சொல்கிறேன். 445இல் மேற்குப் பேரரசர் மூன்றாம் வாலண்டினியன் போட்ட ஒரு சட்டம், திரும்பக் கிடைத்த நுமிடியா, மௌரிடானியா பகுதிகள் நாசமாகிக் கிடப்பதால் அவை பழைய வரியில் எட்டில் ஒரு பங்கு மட்டும் கட்டினால் போதும் என்கிறது. அதே காலத்துச் சட்டம் இன்னொன்று, விற்பனை மீது 24இல் ஒரு பங்கு புதிய வரியை விதிக்கிறது. இருக்கும் படைக்கே சோறும் துணியும் கொடுக்கப் போதிய வருமானம் இல்லை என்று அந்தச் சட்டத்திலேயே அரசு வாய்விட்டு ஒப்புக்கொள்கிறது. ஒரு பேரரசு தன் வாயால் இப்படிச் சொன்ன ஆவணம் வரலாற்றில் அதிகம் கிடையாது. மேற்கு ரோம் செத்தது 476இல் இல்லை, இந்த ஆண்டுகளில்தான் என்று நான் நினைப்பதற்கு இதுதான் அடிப்படை. அங்கே ஹூணர்களின் பங்கு, ஆப்பிரிக்காவில் ஒரு அம்புகூட விடாமல், மிகத் தீர்மானமாக இருந்தது. அவர்கள் தாக்காமல் இருந்திருந்தால் அந்தக் கப்பற்படை வென்றிருக்குமா? அதற்கு உத்தரவாதம் இல்லை. ஆனால் போரிட்டுப் பார்க்கும் வாய்ப்பே இல்லாமல் போனது உண்மை.

கிழக்குப் பேரரசு இதற்குக் கொடுத்த விலை தங்கத்தில் இருக்கிறது. 430களில் ஆண்டுக்கு 350 பவுண்டாக இருந்த கப்பம் 700 ஆனது. 447 ஜனவரியில் நிலநடுக்கத்தில் கான்ஸ்டான்டிநோபிளின் மதில் பல இடங்களில் சரிந்தது. ஹூணர்கள் நெருங்கும் செய்தி வந்ததும் நகரமே இறங்கி அறுபதே நாளில் மதிலைக் கட்டி முடித்தது. அதைக் கொண்டாடும் கல்வெட்டு உண்டு. நகரம் தப்பியது, பால்கன் நாடு தப்பவில்லை. அந்தப் போரின் முடிவில் ஆண்டுக்கு 2,100 பவுண்டு தங்கம், பழைய பாக்கியாக 6,000 பவுண்டு என்று ஒப்புக்கொண்டார்கள். ரோமானியப் பவுண்டு நம் கணக்கில் ஏறக்குறைய 327 கிராம். ஆக பாக்கி மட்டும் இரண்டு டன்னுக்குச் சற்றுக் குறைவு. டான்யூபுக்குத் தெற்கே ஐந்து நாள் நடைத் தூரம் அகலத்துக்கு நிலத்தைக் காலி செய்து விடவும் சம்மதித்தார்கள். 449இல் கிழக்குப் பேரரசு அட்டிலாவிடம் அனுப்பிய தூதுக்குழுவோடு போன பிரிஸ்கஸ் என்ற எழுத்தாளர் நைசஸ் நகரை, இன்றைய செர்பியாவின் நிஷ் நகரை, கடந்தபோது, ஆற்றங்கரை முழுக்கப் போரில் செத்தவர்களின் எலும்புகள் கிடந்ததால் கூடாரம் போட இடம் தேடி அலைந்ததை எழுதியிருக்கிறார்.

இந்தப் பிரிஸ்கஸைக் கொஞ்சம் பேச விடுங்கள். ஹூணர்களை நேரில் பார்த்து விரிவாக எழுதியவர் என்று நம்மிடம் இருப்பது இவர் ஒருவர்தான், அதுவும் துண்டு துண்டாக. அட்டிலாவின் விருந்தில் மற்றவர்களுக்கெல்லாம் வெள்ளித் தட்டு, பொன் கிண்ணம். அட்டிலாவுக்கு மட்டும் மரத்தட்டு, மரக்கிண்ணம், தட்டில் வெறும் இறைச்சி என்று அவர் எழுதியதை எல்லாரும் மேற்கோள் காட்டுவார்கள். நான் அதைவிட முக்கியமாக நினைப்பது வேறொரு சந்திப்பு. ஹூணர் உடையில் இருந்த ஒருவர் அவருக்குக் கிரேக்கத்தில் வணக்கம் சொல்கிறார். விசாரித்தால், விமினாசியத்தில் வணிகம் செய்தவர், நகரம் விழுந்தபோது சிறைபிடிக்கப்பட்டவர். பிறகு போர்களில் பங்கெடுத்து விடுதலை வாங்கி, ஹூணர்களிடையே குடும்பமும் வைத்துக்கொண்டவர். இந்த வாழ்க்கை பழையதைவிட மேல் என்கிறார். ரோமில் வரி பிழிந்தெடுக்கும், பணக்காரன் தப்பு செய்தால் தண்டனை கிடையாது, ஏழை வழக்காடினால் தீர்ப்பு வருவதற்குள் செத்துப்போவான் என்கிறார். பிரிஸ்கஸ் ரோமானியச் சட்டத்தின் பெருமையை நீளமாக எடுத்துச் சொல்ல, கடைசியில் அந்த ஆள் கண் கலங்கி, சட்டம் நல்லதுதான், ஆள்பவர்கள்தான் கெடுக்கிறார்கள் என்று ஒப்புக்கொள்கிறார். இந்த உரையாடலை பிரிஸ்கஸ் இலக்கிய நயத்துக்காக மெருகேற்றியிருக்கலாம். ஆனால் ஒரு ரோமானிய எழுத்தாளர் தன் அரசைப் பற்றிய இந்தக் குற்றச்சாட்டை இவ்வளவு முழுமையாகப் பதிவு செய்ய நினைத்தார் என்பதே பெரிய செய்தி.

புகழ்பெற்ற பகுதியை வேகமாகக் கடக்கிறேன். கிழக்கில் புதிய பேரரசர் மார்சியன் 450இல் கப்பத்தை நிறுத்தினார். அட்டிலா மேற்கே திரும்பினார். வாலண்டினியனின் அக்கா ஹோனோரியா மோதிரம் அனுப்பி உதவி கேட்டதாக வரும் கதையைச் சாக்காகப் பயன்படுத்தியிருக்கலாம். 451இல் கோல் நாட்டுக்குள் நுழைந்து மெட்ஸ் நகரை எரித்து ஆர்லியன்ஸ் வரை போனார். கட்டலௌனியச் சமவெளிப் போரில் ஏட்டியஸும் மேற்குக் கோத்துகளும் சேர்ந்து அவரைத் தடுத்தார்கள். கோத்திய மன்னர் முதலாம் தியோடோரிக் அங்கே மாண்டார். 452இல் இத்தாலிக்குள் வந்து அக்விலேயாவை அழித்தார், மிலான் விழுந்தது. போப் லியோவின் பேச்சில் மனம் மாறித் திரும்பினார் என்பது பக்தி மரபு. சந்திப்பு நடந்தது உண்மை. ஆனால் அந்த ஆண்டு இத்தாலியில் பஞ்சம், அட்டிலாவின் படையில் நோய், அவருடைய சொந்த எல்லையை மார்சியனின் வீரர்கள் தாக்கிக்கொண்டிருந்தார்கள். திரும்பிப் போக இவை போதும். 453இல் இல்டிகோ என்ற பெண்ணை மணந்த இரவில் மூக்கில் இரத்தம் கொட்டிச் செத்தார். மகன்கள் அடித்துக்கொண்டார்கள். அடக்கி வைத்திருந்த குடிகள் ஜெபிட் என்ற மக்களின் மன்னர் அர்தாரிக் தலைமையில் எழுந்து நெடாவோ ஆற்றங்கரையில் அவர்களைத் தோற்கடித்தன.

இங்கேதான் நண்பரின் கேள்விக்கு நேரடி விடை இருக்கிறது. ஹூணர்கள் மறைந்தது மேற்கு ரோமுக்கு நிம்மதி தந்திருக்க வேண்டும். நடந்தது நேர்மாறு. ஏட்டியஸ் முப்பதாண்டு காலம் கட்டிக்காத்த கூட்டணி, முதலில் ஹூணர்களின் உதவியாலும் கடைசியில் ஹூணர்கள் பற்றிய பயத்தாலும் நின்றது. இரண்டும் போய்விட்டன. இனி ஏட்டியஸ் தேவையில்லை என்று நினைத்த வாலண்டினியன் 454 செப்டம்பரில் தன் கையாலேயே அவரைக் குத்திக் கொன்றார். ஆறு மாதத்தில் ஏட்டியஸின் பழைய ஆட்கள் வாலண்டினியனைக் கொன்றார்கள். 455இல் கெய்செரிக் கப்பலில் வந்து ரோமை இரண்டு வாரம் நிதானமாகக் கொள்ளையடித்தார். கோத்துகளை அடக்கக் கூப்பிடுவதற்கு ஹூணர்கள் இல்லை. சொந்தப் படைக்குச் சம்பளம் கொடுக்க ஆப்பிரிக்க வரி இல்லை. 468இல் கிழக்கும் மேற்கும் சேர்ந்து பெருஞ்செலவில் இன்னொரு கப்பற்படையை அனுப்பிப் பார்த்தன. கெய்செரிக் தீக்கப்பல்களை விட்டு அதைக் கார்த்தேஜ் அருகிலேயே எரித்தார். 441இல் கைவிட்டதை மறுபடி பிடிக்க முடியவில்லை.

476இன் ஆட்களைப் பாருங்கள். கடைசிச் சிறுவன் பேரரசர் ரோமுலஸின் அப்பா ஒரெஸ்டஸ், அட்டிலாவிடம் செயலாளராக வேலை பார்த்தவர். செப்டம்பர் 4ஆம் தேதி அந்தச் சிறுவனை நீக்கிய ஓடோவாக்கரின் அப்பா பெயர் எடெகோ. பிரிஸ்கஸின் தூதுக்குழுவோடு பயணம் செய்த அட்டிலாவின் நம்பிக்கைக்குரிய எடெகோவும் இவரும் ஒருவரே என்று பலர் கருதுகிறார்கள். உறுதியில்லை, பெயரும் காலமும் பொருந்துகின்றன. அட்டிலாவின் அவையிலிருந்து சிதறியவர்கள்தான் இத்தாலியின் எஞ்சிய அதிகாரத்துக்காக மோதிக்கொண்டார்கள் என்று சொன்னால் மிகையில்லை.

எதிர்வாதத்தையும் மறைக்கக் கூடாது. ஹூணர்களின் அடி அதிகம் விழுந்தது கிழக்குப் பேரரசின் மேல்தான், அது 1453 வரை நீடித்தது. ஆகவே ஹூணர்கள் மட்டும் காரணமாக இருக்க முடியாது என்பது சரியான வாதம். கிழக்குக்கு எகிப்தும் சிரியாவும் வரி கொடுத்துக்கொண்டே இருந்தன; டான்யூபுக்கும் அந்த மாகாணங்களுக்கும் நடுவே கடலும் கான்ஸ்டான்டிநோபிளின் மதிலும் இருந்தன. மேற்குக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. அதோடு உள்நாட்டுப் போர்கள். 388இலும் 394இலும் மேற்கின் படைகள் கிழக்கின் படைகளோடு மோதி நாசமாயின. 407க்குப் பிறகு கோல் நாட்டில் போட்டிப் பேரரசர்கள் முளைத்துக்கொண்டே இருந்தார்கள். வெளி எதிரியைவிட உள் எதிரியைப் பற்றித்தான் பேரரசர்கள் அதிகம் கவலைப்பட்டார்கள் என்று சொல்லும் அறிஞர்களை நான் மதிக்கிறேன். ஆனால் மூன்றாம் நூற்றாண்டில் இதைவிட மோசமான உள்நாட்டுப் போர்களைத் தாண்டிப் பேரரசு எழுந்து நின்றது. ஐந்தாம் நூற்றாண்டில் எழ முடியாமல் போனதற்கு, உள்ளே ஆயுதத்தோடு உட்கார்ந்துவிட்ட கூட்டங்களும் பறிபோன ஆப்பிரிக்காவும்தான் வித்தியாசம் என்பது என் கருத்து. இரண்டின் பின்னாலும் ஹூணர்களின் நிழல் இருக்கிறது.

கடைசியாக, ஸ்கந்தகுப்தர் விரட்டிய ஹூணர்கள். உத்தரப்பிரதேசத்தில் காஜிபூர் பக்கம் உள்ள பிதாரித் தூண் கல்வெட்டு அவர் ஹூணர்களோடு போரிட்டதைச் சொல்கிறது. காலம் 455ஐ ஒட்டி, அதாவது அட்டிலா இறந்த சில ஆண்டுகளில். இதைப் பார்த்ததும், ஐரோப்பாவில் தோற்றவர்கள் இந்தியாவுக்கு வந்துவிட்டார்கள் என்று சிலர் எழுதுகிறார்கள். அது நிச்சயம் இல்லை. இந்தியப் பக்கம் வந்தவர்கள் நடு ஆசியாவில், இன்றைய ஆப்கானிஸ்தானை ஒட்டிய நாடுகளில் அதற்கு முன்பே வேரூன்றியிருந்தவர்கள். கிதாரர்கள், அல்கான்கள், ஹெப்தலைட்டுகள் என்று பல குழுக்கள். பாரசீக மன்னர் பெரோஸ் 484இல் ஹெப்தலைட்டுகளோடு போரிட்டுத்தான் செத்தார். பின்னால் மத்திய இந்தியா வரை வந்த தோரமாணரும் அவர் மகன் மிஹிரகுலரும் அல்கான் வழியினர் என்பது அவர்களுடைய நாணயங்களை வைத்துச் சொல்லப்படுவது. பொதுவான பெயர் ஒன்றைத் தவிர இவர்களுக்கும் அட்டிலாவின் ஆட்களுக்கும் என்ன உறவு? ஆறாம் நூற்றாண்டில் புரோகோபியஸ் என்ற கிரேக்க வரலாற்றாசிரியரே, ஹெப்தலைட்டுகள் ஹூணர் என்ற பெயரைத் தாங்கினாலும் நமக்குத் தெரிந்த ஹூணர்களோடு கலந்து வாழ்வதில்லை, அவர்களைப் போல நாடோடிகளும் அல்லர் என்று பிரித்துச் சொல்கிறார். நடு ஆசியாவில் அந்தப் பெயருக்கு ஒரு பழைய மரியாதை இருந்தது, வெவ்வேறு குழுக்கள் அதை எடுத்துக்கொண்டன என்பதுதான் இன்றைக்குப் பெரும்பாலானவர்கள் ஏற்கும் விளக்கம். தூரத்து மூதாதையர் ஒன்றாக இருந்திருக்கலாம். ஆனால் மத்திய இந்தியாவின் மந்தசோரில் மன்னர் யசோதர்மர் நட்ட வெற்றித்தூணில் பணிந்து நிற்பதாகச் சொல்லப்படும் மிஹிரகுலருக்கும், டான்யூப் கரையில் மரக்கிண்ணத்தில் குடித்த அட்டிலாவுக்கும் ஒரே அரசியல் வரலாறு எழுத முடியாது. அவர்களைத் தனித்தனியாகப் படிப்பதே சரி.